அம்ரீஷ் பூரி

அம்ரீஷ் பூரி (ஜூன் 22, 1932 - ஜனவரி 12, 2005) புகழ்பெற்ற இந்திய நாடக, திரைப்பட நடிகர் ஆவார். இந்தித் திரைப்படங்களில் எதிர்நாயகன் (வில்லன்) வேடங்களில் நடித்துப் பெரும்புகழ் பெற்றார். மிஸ்டர் இந்தியா (1987) திரைப்படத்தில் இவர் ஏற்ற மொகாம்போ என்ற பாத்திரமும், ஸ்டீவன் ஸ்பீல்பேர்க் இயக்கிய இந்தியானா ஜோன்ஸ் அண்ட் த டெம்பிள் ஆஃப் டூம் (1984) திரைப்படத்தில் ஏற்ற மோலா ராம் என்ற பாத்திரமும் இவருடைய வேடங்களில் மிகவும் அறியப்பட்டவை. தமிழ் இரசிகர்கள் இவரைத் தளபதி (1991), பாபா (2002) ஆகிய படங்களின் மூலம் அறிவர். இந்தி, தமிழ் தவிர தெலுங்கு, கன்னடம், மலையாளம், மராத்தி, ஆங்கிலம் ஆகிய மொழிப் படங்களிலும் நடித்துள்ளார்.

திரைப்படத்தில் நிலைபெறும்போது இவருக்கு வயது நாற்பதைக் கடந்திருந்தது. அதற்கு முன் நீண்ட காலம் அரசுக் காப்பீட்டு நிறுவனம் ஒன்றில் எழுத்தராகத் தொடங்கிப் பணிபுரிந்துகொண்டே மாலை வேளைகளில் மேடை நாடகங்களில் நடித்துவந்தார்.

பிறப்பும் குடும்பமும்

அம்ரீஷ் பூரி பஞ்சாப் மாநிலத்தின் நவான்ஷஹர் என்ற ஊரில் பிறந்தார். இவ்வூர் அமைந்துள்ள மாவட்டம் 2008 முதல் சாகீத் பகத்சிங் நகர் மாவட்டம் என அழைக்கப்படுகிறது. சிம்லாவில் கல்லூரிக் கல்வி பயின்றார். இவருடைய மூத்த சகோதரர்களான சமன் பூரி, மதன் பூரி இருவரும் இவருக்கு முன்பே திரைப்பட நடிகர்களாக இருந்தவர்கள். மதன் பூரி ஐம்பதுகள் தொடங்கி எண்பதுகள் வரை ஏராளமான இந்திப் படங்களில் வில்லனாக நடித்தவர். அமிதாப் பச்சன் நடித்த தீவார் (1975) படத்தில் வரும் கடத்தற்காரன் சாமந்த் அவர் ஏற்ற வேடங்களுள் ஒன்று. முப்பதுகளிலும் நாற்பதுகளிலும் இந்தியா முழுவதும் புகழ்பெற்றிருந்த பாடகரும் நடிகருமான கே. எல். சைகல் இவர்களுக்கு ஒன்றுவிட்ட சகோதரர் முறையினர்.

இத்தகைய குடும்பப் பின்னணி இருந்தும் திரைத்துறையின் கதவு இவருக்கு உடனே திறக்கவில்லை. ஐம்பதுகளில் பம்பாய்க்கு வந்த அம்ரீஷ் பூரி கதாநாயகனாக நடிக்க விரும்பித் திரைச்சோதனை ஒன்றில் கலந்துகொண்டு தோல்வியடைந்தார். அகன்ற தாடையும் கனத்த புருவமும் கரகரப்பான ஆழ்ந்த குரலும் அக்காலக் காதல் நாயகனுக்கு உரியவையாகக் கருதப்படவில்லை. அதே முகமும் குரலும் பின்னர் இவருடைய மூலதனமாயின.

அலுவலகமும் நாடக மேடையும்

திரைச்சோதனையில் தோற்றபின் இவர் நடுவணரசின் தொழிலாளர் நலத்துறையைச் சார்ந்த ஊழியர் அரசுக் காப்பீட்டுக் கழகத்தில் பணியில் சேர்ந்தார். அங்கு ஏறத்தாழ இருபத்தோராண்டுகள் பணியாற்றினார். அவ்வாண்டுகளில்தான் இவருடைய நடிப்புப் பயிற்சி முழுவதும் நிகழ்ந்தது என்பது குறிப்பிடத்தக்கது. பம்பாயில் அப்போது இந்தி நாடகத்திற்குப் புத்துயிர் ஊட்டிக்கொண்டிருந்த இப்ராகிம் அல்காசி, சத்யதேவ் துபே ஆகியோரின் தொடர்பு இவருக்குக் கிட்டியது. துபே வயதில் இவரைவிட இளையவர். ஆயினும் அவரையே அம்ரீஷ் பூரி தம் நாடக ஆசானாகக் கொண்டார்.

தர்மவீர் பாரதியின் அந்தா யுக் நாடகம் துபேயின் தயாரிப்புகளுள் முதன்மையானது. மகாபாரதப் போரின் கடைசி நாளைக் களமாகக் கொண்டு, வென்றவர், தோற்றவர் இரு சாராரும் அறம் இழந்து நிற்பதைக் காட்டும் கவிதை நாடகம் இது. கிரீஷ் கர்னாடின் யயாதி, மோகன் ராகேஷின் ஆதே அதூரே முதலிய நாடகங்களையும் துபே இந்தியில் மேடையேற்றினார். ஆதே அதூரே நாடகத்தில் ஒரே நடிகர் அடுத்தடுத்துப் பல ஆண் பாத்திரங்களில் தோன்ற வேண்டும் என்பது நாடகாசிரியர் வகுத்த அமைப்பு. கணவன், முதலாளி, பழைய காதலன் என ஒவ்வொருவராக வரும் இவர்களை உடையாலும் குரலாலும் நடையாலும் மட்டுமே வேறுபடுத்திக் காட்டவேண்டும். பம்பாய்த் தயாரிப்பில் இச்சுமையை ஏற்றவர் அம்ரீஷ் பூரி ஆவார். பிற்காலத்தில் ஒரே ஆண்டில் பல படங்களில் வெவ்வேறு தோற்றங்களில் தோன்றியபோதும் இவருடைய பாத்திரங்கள் ஒன்றோடொன்று கலந்துவிடாமல் இருந்ததற்கு இந்தப் பயிற்சியே அடிப்படை எனலாம்.

நாடகப் பணிக்காக 1979ஆம் ஆண்டு சங்கீத நாடக அகாதமி விருது இவருக்கு வழங்கப்பட்டது. திரைப்பட விருதுகள் எதுவும் கிடைக்கும் முன்னரே கிடைத்த தேசிய அளவிலான அங்கீகாரம் இது.

இணைத் திரைப்படங்களில்

சுனில் தத் இயக்கிய ரேஷ்மா அவுர் ஷேரா (1971) இவருடைய தொடக்ககாலப் படங்களுள் ஒன்று. அப்படத்தில் சிறிய வேடமே கிடைத்தது. கிரீஷ் கர்னாட் கன்னடத்தில் இயக்கிய காடு (1973) திரைப்படத்தில் ஊர்ப்பகையில் சிக்கும் சந்திரே கௌடா என்ற நிலவுடைமையாளராக நடித்தார். ஆனால் இவரைத் திரைப்பட நடிகராக நிலைநிறுத்தியவர் சியாம் பெனகல் ஆவார்.

பெனகலின் நிஷாந்த் (1975) விடுதலைக்கு முந்தைய தெலங்காணாவில் நிகழும் கதை. ஊருக்குப் புதிதாக வரும் பள்ளி ஆசிரியரின் மனைவியை நிலப்பிரபுவின் தம்பிமார் கடத்திச் செல்கின்றனர். ஆசிரியர் காவல்துறை, அரசு அலுவலர், வழக்கறிஞர் என ஒவ்வொரு வாயிலாகச் சென்று வெறுங்கையுடன் திரும்புகிறார். இதில் குடும்பத்தின் மூத்தவராக, தம்பிமாரின் அடாவடிகளுக்கெல்லாம் நிழல் கொடுக்கும் நிலப்பிரபுவாக அம்ரீஷ் பூரி நடித்தார். அவர் குரலை உயர்த்துவதும் ஆயுதம் ஏந்துவதும் அரிது. ஊரில் எவரும் தம்மை எதிர்த்துப் பேசமாட்டார் என்ற உறுதியே அவருடைய கொடுமையாக இருக்கிறது. விஜய் தெண்டுல்கர் திரைக்கதை எழுதிய இப்படத்திற்கு வசனம் எழுதியவர் இவருடைய நாடக ஆசான் சத்யதேவ் துபே ஆவார்.

அடுத்த ஆண்டு வெளிவந்த மந்தன் (1976) குஜராத்தின் பால் கூட்டுறவு இயக்கத்தைப் பற்றியது. கூட்டுறவுச் சங்க உறுப்பினர்களான ஐந்து இலட்சம் உழவர்கள் தலைக்கு இரண்டு ரூபாய் வீதம் அளித்த பணத்தில் இப்படம் தயாரிக்கப்பட்டது. உழவர்களிடம் அடிமாட்டு விலைக்குப் பால் வாங்கும் தனியார் பால்பண்ணை முதலாளி மிஸ்ராவாக அம்ரீஷ் பூரி நடித்தார். இனிக்கப் பேசும் வணிகர் இவர். மீட்டெடுக்கப்பட்ட இப்படத்தின் படிவம் 2024ஆம் ஆண்டு கான் திரைப்பட விழாவில் திரையிடப்பட்டது.

பூமிகா (1977) மராத்தி நடிகை ஹன்சா வாட்கரின் தன்வரலாற்றைத் தழுவியது. நடிகையான நாயகி (ஸ்மிதா பாட்டீல்) அமைதியான இல்வாழ்க்கையை நாடி விநாயக் காலே என்ற செல்வந்தருடன் அவருடைய பண்ணை வீட்டிற்குச் செல்கிறாள். அங்கு அவளுக்கு மதிப்பும் வசதியும் கிடைக்கின்றன. ஆனால் வீட்டு வாயிலைத் தாண்டிச் செல்ல அனுமதி இல்லை. கண்ணியமான மனிதராகவே தோன்றும் காலே, அக்கண்ணியத்தில் சிறிதும் பிசகாமல் ஒரு பெண்ணைச் சிறைவைக்கிறார். பல வணிகப் படங்களின் கொள்ளையர் தலைவன் வேடங்களைவிட அச்சுறுத்தும் வேடம் இதுவே என்று கூறத் தகும்.

கோவிந்த் நிகலானி இயக்கிய ஆக்ரோஷ் (1980) படத்தில் அரசு வழக்கறிஞராகத் தோன்றுகிறார். பழங்குடியைச் சேர்ந்த ஒருவன் மீதான கொலை வழக்கை நடத்தும் இவ்வழக்கறிஞரும் பழங்குடிப் பிறப்பினரே. சட்டத்தின் பக்கம் நின்றும், தம் பிறப்பைச் சொல்லித் தொலைபேசியில் வரும் வசவுகளை அமைதியாகக் கேட்டுக்கொள்ள வேண்டிய நிலையில் இருப்பவர். நிகலானியின் அர்த் சத்யா (1983) படத்தில் நாயகனின் தந்தையாக, மனைவியை அடிக்கும் காவலராக நடித்தார்.

வணிகத் திரைப்படங்களில்

பாபு இயக்கிய ஹம் பாஞ்ச் (1980) இவருடைய வணிகப்பட வாழ்வில் திருப்புமுனையாக அமைந்தது. புட்டண்ணா கனகல் இயக்கிய படுவாரள்ளி பாண்டவரு என்ற கன்னடப் படத்தின் மறுஆக்கமான இது, மகாபாரதக் கதையை இக்காலச் சிற்றூர் ஒன்றில் பொருத்திப் பார்ப்பது. ஊரை ஆட்டிப்படைக்கும் நிலக்கிழாராக அம்ரீஷ் பூரி நடித்தார். நிஷாந்த் படத்தில் ஏற்ற அதே வகைப் பாத்திரம்தான் என்றாலும் இங்கு சண்டைக் காட்சிகளும் உரத்த வசனங்களும் சேர்ந்தன. ஒரே சமூகக் கொடுமை இரு வகைத் திரைப்படங்களில் எவ்வாறு உருமாறுகிறது என்பதை அறிய இவ்விரு படங்களையும் அடுத்தடுத்துப் பார்க்கலாம்.

அதன்பின் வாய்ப்புகள் குவிந்தன. திலீப் குமாரும் அமிதாப் பச்சனும் தந்தை மகனாக நடித்த சக்தி (1982), சுபாஷ் கய் இயக்கிய விதாதா (1982), ஹீரோ (1983) ஆகிய படங்களில் இவரே முதன்மை எதிராளி. தமிழில் வெளிவந்த சட்டம் ஒரு இருட்டறை (1981) படத்தின் மறுஆக்கமும் ரஜினிகாந்த்தின் முதல் இந்திப் படமுமான அந்தா கானூன் (1983) படத்திலும் எதிராளிகளுள் ஒருவராகத் தோன்றினார். சுபாஷ் கய்யின் மேரி ஜங் (1985) படத்தில் ஏற்ற தக்ரால் என்ற வழக்கறிஞர் வேடம் சற்று மாறுபட்டது. இதில் இவருடைய ஆயுதம் வாதத்திறன். தாம் வாதாடி வென்ற வழக்கொன்றில் குற்றமற்றவர் தூக்கிலிடப்பட்டார் என்பதைப் பொருட்படுத்தாதவர் தக்ரால். அவரால் அழிந்த குடும்பத்தின் மகன் வழக்கறிஞராக வளர்ந்து நீதிமன்றத்திலேயே அவரை எதிர்கொள்கிறான். இவ்வேடம் இவருக்கு முதல் பிலிம்பேர் விருதைப் பெற்றுத்தந்தது. இக்கதை டி. ராஜேந்தரால் ஒரு தாயின் சபதம் (1987) என்று தமிழில் எடுக்கப்பட்டது.

நகீனா (1986) படத்தில் பாம்பாட்டிச் சாமியார், திரிதேவ் (1989) படத்தில் கொள்ளைக்கூட்டத் தலைவர், ராஜ்குமார் சந்தோஷியின் காயல் (1990) படத்தில் பெருந்தொழிலதிபர் என இவர் ஏற்ற வேடங்களைத் தொகுத்துப் பார்த்தால், அக்கால இந்தியாவில் மக்கள் எவரைக் கண்டு அஞ்சினர் என்பதன் வரிசை ஒன்று கிடைக்கிறது. எழுபதுகளில் நிலப்பிரபு, எண்பதுகளின் தொடக்கத்தில் தங்கக் கடத்தற்காரன், பின்னர் அரசியல்வாதியையும் காவல்துறையையும் விலைக்கு வாங்கிய தொழிலதிபர். காயல் படத்தின் பல்வந்த் ராய் இவ்வரிசையில் மூன்றாம் வகையினர். இப்படம் தமிழில் விஜயகாந்த் நடிக்க பரதன் (1992) என மறுஆக்கம் செய்யப்பட்டது.

மோலா ராம்

ரிச்சர்ட் ஆட்டன்பரோவின் காந்தி (1982) திரைப்படத்தில் தென்னாப்பிரிக்க இந்திய வணிகர் கானாக அம்ரீஷ் பூரி சிறு வேடம் ஒன்றை ஏற்றிருந்தார். இதற்கு அடுத்த ஆங்கில வாய்ப்பே இவரை உலக அளவில் அறிமுகப்படுத்தியது. ஸ்பீல்பேர்க்கின் இந்தியானா ஜோன்ஸ் வரிசையில் இரண்டாவதான டெம்பிள் ஆஃப் டூம் 1935ஆம் ஆண்டு இந்தியாவில் நிகழ்வதாக அமைந்தது. இதில் குழந்தைகளைக் கடத்திச் சுரங்கத்தில் வேலை வாங்கும் நரபலிக் கூட்டத்தின் பூசாரி மோலா ராமாக இவர் நடித்தார்.

இவ்வேடத்திற்காக இவர் தலையை முழுமையாக மழித்துக்கொண்டார். அத்தோற்றம் பெரிதும் பேசப்பட்டதால் பின்னரும் அவ்வாறே தொடர்ந்தார். மொட்டைத் தலை நடிகருக்கு ஒரு வசதி. எந்தப் பொய்முடியும் அதில் பொருந்தும். எண்பதுகளின் பிற்பகுதியிலும் தொண்ணூறுகளிலும் இவர் படத்திற்குப் படம் முற்றிலும் வேறான தலைமுடியுடன் தோன்றியதற்கு இதுவே காரணம்.

இப்படம் இந்தியாவில் கடும் கண்டனத்திற்கு உள்ளானது. திரைக்கதையைப் படித்த இந்திய அரசு மாற்றங்களைக் கோரியதால் படக்குழுவினர் இலங்கைக்குச் சென்று கண்டிப் பகுதியில் வெளிப்புறக் காட்சிகளை எடுத்தனர். இறுதிச் சண்டை நிகழும் தொங்குபாலம் அப்போது அங்கு விக்டோரியா அணை கட்டிக்கொண்டிருந்த பொறியாளர்களின் உதவியுடன் அமைக்கப்பட்டது. கதைப்படி இந்தியச் சிற்றூராகக் காட்டப்படும் ஊரின் மக்கள் சிங்களம் பேசுவதற்கும் இதுவே காரணமாகும். அரண்மனை விருந்தில் குரங்கு மூளையும் பாம்பும் பரிமாறப்படுவதாகவும், காளி வழிபாடு இதயத்தைப் பிடுங்கும் சடங்காகவும் காட்டப்பட்டமை இந்தியரைப் புண்படுத்தின. படம் இந்தியாவில் சில காலம் தடைசெய்யப்பட்டிருந்தது. அமெரிக்காவிலும் அதன் வன்முறைக் காட்சிகள் விவாதத்தை எழுப்பின. கிரெம்லின்ஸ் என்ற படத்துடன் இப்படமும் சேர்ந்து, பதின்மூன்று வயதிற்குக் குறைந்தோருக்குப் பெற்றோரை எச்சரிக்கும் புதிய தணிக்கைப் பிரிவு 1984இல் அங்கு உருவாகக் காரணமாயிற்று.

படத்தின் இந்தியா பொய்யானது என்பதில் ஐயமில்லை. எனினும் அப்பொய்க்குள் அம்ரீஷ் பூரியின் நடிப்பு தனித்து நிற்கிறது. நிஷாந்த் படத்தில் குரலை அடக்கி அச்சம் ஊட்டியவர் இங்கு மந்திரம்போல் நீட்டி முழங்கும் குரலால் அதைச் செய்கிறார்.

மொகாம்போ

சேகர் கபூர் இயக்கி 1987ஆம் ஆண்டு மே மாதம் வெளிவந்த மிஸ்டர் இந்தியா, கண்ணுக்குப் புலப்படாமல் மறைந்து நிற்கும் ஆற்றலைப் பெறும் எளிய மனிதன் ஒருவனின் கதை. அனில் கபூர், ஸ்ரீதேவி ஆகியோர் முதன்மை வேடங்களில் நடித்தனர். இரட்டையராக எழுதிவந்த சலீம் கான், ஜாவேத் அக்தர் ஆகியோர் பிரிவுக்கு முன் சேர்ந்து எழுதியவற்றுள் கடைசியாக வெளிவந்த படம் இது. எதிர்நாயகன் வேடத்திற்கு முதலில் அனுபம் கேர் தேர்வாகியிருந்தார். பின்னரே அது அம்ரீஷ் பூரியிடம் வந்தது.

தனித்தீவில் வாழும் மொகாம்போ இந்தியாவைக் கைப்பற்றத் துடிப்பவன். பொன்னிறப் பொய்முடி, பொற்சரிகை வேய்ந்த படைத்தலைவர் உடை, அரியணையின் கைப்பிடியில் பதித்த உருண்டையின் மீது தாளமிடும் விரல்கள் என அவனுடைய தோற்றம் சித்திரக்கதைப் பாத்திரத்தை ஒத்தது. தனக்கு மகிழ்ச்சி ஏற்படும்போதெல்லாம் அவன் "நான்" என்று சொல்வதில்லை. தன் பெயரையே படர்க்கையில் கூறி, அவன் மகிழ்ந்தான் என்று மூன்றே சொற்களில் அறிவிக்கிறான். அரசவையில் கட்டியங்காரன் சொல்ல வேண்டியதை அரசனே சொல்லிக்கொள்வது போன்ற இவ்வசனம் படம் முழுவதும் பலமுறை வருகிறது. இந்தி அறியாதவரும் திரும்பச் சொல்லும் அளவிற்கு அது பரவியது. ஒவ்வொரு முறையும் அம்ரீஷ் பூரி அதனை வேறு அழுத்தத்தில் கூறுவது கவனிக்கத்தக்கது. ஒருமுறை அது பாராட்டு, ஒருமுறை எச்சரிக்கை, ஒருமுறை மரண ஆணை.

படத்தில் மொகாம்போ ஏவுகணைகளைக் குறிவைக்கிறான், தன் ஆட்களை அமிலத் தொட்டியில் குதிக்கச் சொல்கிறான். ஆனால் கதைக்குள் மக்களைத் தொடும் அவனுடைய தீமை, அரிசியிலும் பருப்பிலும் கல் கலப்பதும் உணவுப் பொருளைப் பதுக்குவதுமாகும். நாயகன் வளர்க்கும் ஆதரவற்ற குழந்தைகள் பசியோடு படுக்கச் செல்லும் காட்சி அமிலத் தொட்டியைவிட ஆழமாகப் பதிகிறது. நியாய விலைக் கடை வரிசையில் நின்று பழகிய அன்றைய பார்வையாளருக்கு இந்த வில்லன் கற்பனைத் தீவில் இருந்தாலும் அயலானாகத் தோன்றவில்லை. ஷோலே (1975) படத்தில் அம்ஜத் கான் ஏற்ற கப்பர் சிங்கிற்கு அடுத்தபடியாக இந்தித் திரையில் மிகவும் நினைவுகூரப்படும் எதிர்நாயகன் மொகாம்போ எனப் பொதுவாகக் கருதப்படுகிறது. இப்படம் பாக்யராஜ் நடிக்க என் இரத்தத்தின் இரத்தமே (1989) எனத் தமிழில் மறுஆக்கம் பெற்றது.

இதன் வெற்றிக்குப்பின் இதே அச்சில் பல வேடங்கள் இவருக்கு வந்தன. தஹல்கா (1992) படத்தில் ஏற்ற தளபதி டாங் அவற்றுள் ஒன்று. இத்தகைய படங்களில் உடையும் முடியும் பெருகிய அளவிற்குப் பாத்திரம் வளரவில்லை.

தென்னிந்தியத் திரைப்படங்களில்

மணிரத்னம் இயக்கிய தளபதி (1991) கர்ணன், துரியோதனன் நட்பை இக்கால நகர் ஒன்றில் அமைத்த படம். சூர்யாவுக்கும் (ரஜினிகாந்த்) தேவாவுக்கும் (மம்முட்டி) பகைவனான கலிவரதனாக அம்ரீஷ் பூரி தமிழில் தோன்றினார். திரையில் வரும் நேரம் குறைவே எனினும் இரு பெரும் நடிகர்களுக்கும் ஈடாக நிற்கக்கூடிய உருவம் ஒன்று அப்பாத்திரத்திற்குத் தேவைப்பட்டது. பதினோராண்டுகள் கழித்து பாபா (2002) படத்தில் ரஜினிகாந்த்துடன் மீண்டும் நடித்தபோது, வில்லனாக அன்றி நாயகனை இமயமலைக்கு வழிநடத்தும் துறவியாக வந்தார்.

பிரியதர்சனின் காலாபானி (1996), தமிழில் சிறைச்சாலை என வெளிவந்தது. அந்தமான் சிற்றறைச் சிறையில் விடுதலை வீரர்களை வதைக்கும் சிறை அதிகாரி மிர்சா கான் வேடம் இவருடையது. தெலுங்கில் கே. இராகவேந்திர ராவின் ஜகதேக வீருடு அதிலோக சுந்தரி (1990) படத்தில் மந்திரவாதியாகவும், சிங்கீதம் சீனிவாசராவின் ஆதித்யா 369 (1991) படத்தில் பழம்பொருள்களைத் திருடிச் சேர்ப்பவராகவும் நடித்தார். பின்னது தமிழில் அபூர்வ சக்தி 369 என்ற பெயரில் மொழிமாற்றம் செய்யப்பட்டது.

தென்னிந்தியாவுடனான இவருடைய தொடர்பு இப்படங்களோடு முடியவில்லை. தமிழ், மலையாளப் படங்கள் இந்திக்குச் சென்றபோது அவற்றின் கனமான வேடங்கள் பலமுறை இவரிடமே வந்து சேர்ந்தன. கிரீடம் என்ற மலையாளப் படத்தில் திலகன் ஏற்ற காவலர் தந்தை வேடத்தை கர்திஷ் (1993) படத்திலும், தேவர் மகன் (1992) படத்தில் சிவாஜி கணேசன் ஏற்ற பெரிய தேவர் வேடத்தை விராசத் (1997) படத்திலும், அவ்வை சண்முகியில் ஜெமினி கணேசன் ஏற்ற மாமனார் வேடத்தை கமல்ஹாசன் இயக்கிய சாச்சி 420 (1997) படத்திலும், முதல்வன் (1999) படத்தில் ரகுவரன் ஏற்ற முதலமைச்சர் வேடத்தை சங்கர் இயக்கிய நாயக் (2001) படத்திலும் இவர் ஏற்றார். நான்கும் நான்கு வகை நடிப்பைக் கோருபவை. திலகனின் நொறுங்கும் தந்தை, சிவாஜியின் ஊர்ப் பெரியவர், ஜெமினியின் அசடு வழியும் முதியவர், ரகுவரனின் தந்திர அரசியல்வாதி ஆகிய நால்வரையும் ஒரே நடிகரிடம் ஒப்படைக்க இயக்குநர்கள் துணிந்தனர். சாச்சி 420 படத்தில் பெண்வேடமிட்ட மருமகனிடம் காதல் கொள்ளும் முதியவராக இவர் நகைச்சுவையிலும் ஒளிர்வதைக் காணலாம்.

தந்தை வேடங்கள்

1995ஆம் ஆண்டு இவருடைய வாழ்வில் கவனத்திற்குரியது. அவ்வாண்டின் தொடக்கத்தில் வெளிவந்த கரண் அர்ஜுன் படத்தில் சொத்துக்காக உறவினரைக் கொல்லும் துர்ஜன் சிங் என்ற பழைய பாணி வில்லனாக நடித்தார். அக்டோபரில் வெளிவந்த தில்வாலே துல்ஹனியா லே ஜாயேங்கே படத்தில் இலண்டனில் கடை நடத்தும் பஞ்சாபியான பல்தேவ் சிங்காகத் தோன்றினார். மகளின் காதலுக்குத் தடையாக நிற்கும் தந்தை இவர்.

இப்படத்தில் வில்லன் என்று தனியாக எவரும் இல்லை. நாயகனும் நாயகியும் ஓடிப்போக மறுத்துத் தந்தையின் இசைவுக்காகக் காத்திருக்கின்றனர். பொருளாதாரத் தாராளமயமாக்கலுக்குப் பிந்தைய இந்தித் திரைப்படங்களில் கடத்தற்காரரும் தீவுக் கொடுங்கோலரும் மறைந்து, குடும்பமே கதைக்களமானது. மோதல் வீட்டிற்குள் வந்தபோது, எதிராளியின் இடத்தில் தந்தை நின்றார். அவ்விடத்திற்கு அம்ரீஷ் பூரி தேர்ந்தெடுக்கப்பட்டதால், அவருடைய முந்தைய வேடங்களின் அச்சம் முழுவதும் பார்வையாளர் மனத்தில் உடன்வந்தது. இறுதிக் காட்சியில் புறப்பட்டுவிட்ட இரயிலை நோக்கி மகள் கையை நீட்ட, இவர் அவளுடைய மறுகையை இறுகப் பற்றி நிற்கிறார். பிறகு அப்பிடி தளர்கிறது. அத்தளர்ச்சி அவ்வளவு விடுதலையாகத் தோன்றுவதற்கு முந்தைய இருபதாண்டு வில்லன் வேடங்களும் ஒரு காரணம். மும்பையின் மராத்தா மந்திர் திரையரங்கில் இப்படம் 2014ஆம் ஆண்டு டிசம்பரில் ஆயிரம் வாரங்களை நிறைவு செய்தது.

காதக் (1996) படத்தில் தொண்டைப் புற்றுநோயால் குரலை இழந்துவரும் விடுதலைப் போராட்ட வீரராக நடித்தார். குரலே அடையாளமாக விளங்கிய நடிகர் ஒருவர் குரலற்ற வேடத்தில் நடித்தது குறிப்பிடத்தக்கது. பர்தேஸ் (1997), சுபைதா (2001) ஆகிய படங்களிலும் தந்தை வேடங்களே. எனினும் வில்லன் வேடங்களை இவர் முற்றிலும் கைவிடவில்லை. கோய்லா (1997), இந்தியப் பிரிவினையைப் பின்னணியாகக் கொண்ட கதர் (2001) ஆகியவற்றில் மீண்டும் எதிராளியாக வந்தார். கதர் படத்தின் அஷ்ரப் அலி, மகளைக் கணவனிடமிருந்து பிரித்து வைக்கும் இலாகூர் அரசியல்வாதி. தந்தையும் வில்லனும் ஒருவரே ஆகிவிட்ட பாத்திரம் இது.

விருதுகள்

மேரி ஜங், காதக், விராசத் ஆகிய மூன்று படங்களுக்காகச் சிறந்த துணை நடிகருக்கான பிலிம்பேர் விருதை இவர் பெற்றார். இவற்றுள் இரண்டு தந்தை வேடங்கள். எதிர்மறை வேடத்திற்கெனத் தொண்ணூறுகளில் தனி விருதை அவ்விதழ் ஏற்படுத்தியபோது இவர் பலமுறை பரிந்துரைக்கப்பட்டார். ஆனால் அவ்விருது ஒருமுறையும் இவருக்கு வழங்கப்படவில்லை.

மறைவு

குருதி உருவாக்கத்தைப் பாதிக்கும் எலும்பு மச்சை நோயால் அவதியுற்ற அம்ரீஷ் பூரி, ஜனவரி 12, 2005 அன்று மும்பை மருத்துவமனை ஒன்றில் தமது 72ஆம் அகவையில் காலமானார். இவர் நடித்த கிஸ்னா திரைப்படம் அடுத்த சில நாட்களில் வெளிவந்தது. அதன் இயக்குநர், ஹீரோ, மேரி ஜங் படங்களை எடுத்த சுபாஷ் கய் ஆவார். ஜோதி சபர்வாலுடன் இணைந்து எழுதிய தன்வரலாறு, த ஆக்ட் ஆஃப் லைஃப் என்ற பெயரில் 2006ஆம் ஆண்டு ஆங்கிலத்தில் வெளியானது. இவருடைய 87ஆவது பிறந்தநாளான ஜூன் 22, 2019 அன்று கூகுள் நிறுவனம் தன் முகப்பில் இவருடைய உருவச் சித்திரத்தை இடம்பெறச் செய்தது.